எடையர் மரபில் இரண்டே பேர்

பன்னிரண்டு வயதில் நான் ஒரு தத்துவ மரபை உண்டாக்கினேன். பெருமைக்காகச் சொல்லவில்லை. அதே வயதில் எங்கள் குடியிருப்பில் மற்றவர்கள் தபால்தலை சேர்த்தார்கள், ஸ்கேட்டிங் பழகினார்கள். அதனால் யாருக்கும் ஒரு கெடுதலும் வரவில்லை.

புனேயில், லோஹேகாவில் விமானப்படைக் குடியிருப்பு. தொண்ணூறுகளின் நடுப்பகுதி. அப்பா சார்ஜென்ட், எஞ்சின் பிரிவு. எங்களுக்கு நேர் மேல்வீட்டில் இன்னொரு தமிழ்க் குடும்பம் இருந்தது. நாங்கள் திருநெல்வேலிப் பக்கம், அவர்கள் வேலூர்ப் பக்கம். அந்த வீட்டுப் பெண்ணும் நானும் ஒரே வகுப்பு, ஒரே பெஞ்ச். நான் மளமளவென்று பேசுவேன். அவள் நான் முடிக்கும்வரை கேட்டு, கொஞ்ச நேரம் சும்மா இருந்துவிட்டு, ஒரே ஒரு கேள்வி கேட்பாள். அந்தக் கொஞ்ச நேரம்தான் எனக்குப் பிடிக்காது.

எங்கள் மரபுக்கான உலகத்தை முதலில் கண்டுபிடித்தவள் அவள். இதை இப்போதுதான் எழுத்தில் ஒப்புக்கொள்கிறேன். ஒரு ஜூலையில் புதிதாக மாற்றலாகி வந்த யாரோ ஒருவருடைய கறுப்பு மரப்பெட்டிகள், வீட்டுச் சாவி கிடைக்காததால், தார்ப்பாய் போட்டு ஒரு நாள் முழுக்க வெளியிலேயே கிடந்தன. பெயரும் எண்ணும் வெள்ளைப் பெயின்டில் எழுதிய பெட்டிகள். படைக் குடும்பங்கள் எல்லாரிடமும் இருப்பவை. நனைந்த மண்ணில் அவை இரண்டு விரல் ஆழத்துக்குப் புதைந்துவிட்டன. பள்ளி பஸ்ஸுக்கு நின்றபடி நாங்கள் அதைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

"ஒரு ஊர் இருக்குடீ," என்றாள். "அங்க மண்ணு ரொம்ப சாஃப்ட். எது வெச்சாலும் மெதுவா உள்ள போயிடும். வீடு மூணு வருஷம் தாங்கும். அப்புறம் வேற எடம்."

மூன்று வருஷம் எங்கிருந்து வந்தது என்று நான் கேட்கவில்லை. எங்கள் அப்பாக்களுக்கு மூன்று வருஷத்துக்கு ஒருமுறை மாற்றல் வரும்.

"அப்போ அந்த ஊர்ல பெரிய ஆளு யாரு தெரியுமா? எடை போடறவங்க," என்றேன். அவ்வளவுதான். ஊர் அவளுடையது. பஸ் வருவதற்குள் அதில் நான் ஞானிகளைக் குடியேற்றிவிட்டேன்.

அவர்களுக்கு எடையர் என்று பெயர். ஊர் வாசலில் தராசோடு உட்கார்ந்திருப்பார்கள். பொருளுக்கு எடை உண்டு என்பது யாருக்கும் தெரியும். சொல்லுக்கு எடை உண்டு, வாக்குறுதிக்கு உண்டு, நினைவுக்கு உண்டு என்பது எடையர் கண்டது. ஒருவன் கணுக்கால் வரை புதைந்து புதைந்து நடந்து வந்தால் அவன் பையைச் சோதிக்க மாட்டார்கள். "யாரை நினைத்துக்கொண்டு வருகிறாய்?" என்றுதான் கேட்பார்கள். பொய் லேசானது, எனவே பொய்யன் வேகமாக நடப்பான். ஆனால் அவன் கால்தடம் பதியாது, திரும்பி வர வழி தெரியாது. 'மண் எதையும் வேண்டாம் என்று சொல்வதில்லை' என்பது எடையர் நூலின் முதல் வாக்கியம். பன்னிரண்டு வயதுக்கு மோசமில்லை என்று இன்றைக்கும் நினைக்கிறேன். இப்படி நினைப்பதுதான் என்னுடைய வியாதி.

நூலை, கோடு போட்ட நான்கு நோட்டுகளில் தமிழில் எழுதினோம். பள்ளியில் இந்தி, ஆங்கிலம், சமஸ்கிருதம்தான். தமிழ் எழுத்தை அம்மா எனக்கு ஊரிலிருந்து வரும் நாள்காட்டியை வைத்துச் சொல்லிக்கொடுத்திருந்தாள். மேல்வீட்டுக்காரிக்குத் தமிழ் பேச வரும், படிக்க வராது. வகுப்பில் யார் கையில் சிக்கினாலும் படிக்க முடியாது என்று சொல்லி நான்தான் தமிழைத் தேர்ந்தெடுத்தேன். அவளாலும் படிக்க முடியாதே என்பது எனக்கு உறைக்கவில்லை. அவளும் சொல்வாள், நானும் சொல்வேன். எழுதுவது மட்டும் நான்.

எங்கள் நூலில் ஒவ்வொரு கொள்கைக்கும் ஒரு வாதம் உண்டு. கொள்கையை நிறுவுபவள் ஒருத்தி, ஐயப்படுபவள் ஒருத்தி. ஐயப்படுபவள் எப்போதும் அவள்தான். ஒருநாள் அறிவியல் கூடத்தில் ஆசிரியர் வெளியே போன சமயம், தராசின் ஒரு தட்டில் வெறும் காகிதத்தையும் மறு தட்டில் எழுதிய காகிதத்தையும் வைத்தோம். முள் அசையவே இல்லை.

"பாரு, எழுதினதுக்கு எடையே இல்ல," என்றாள்.

"தராசு சரியில்ல."

"அரே, தராசே சரியில்லன்னா எடையருக்கு என்ன வேலை? வீட்டுக்குப் போகச் சொல்லு."

"ஞானிங்க தராசு வேறடீ, லூசு."

"எப்படி வேற?"

நல்லவேளை, மணி அடித்தது. அன்று சாயங்காலம் நோட்டில் நான் எழுதியது: 'ஐயப்படுபவள் வாயடைத்துப் போனாள்.'

இப்போது எடையர் நூலில் நான் எழுதிய ஒரு சட்டத்துக்கு வருகிறேன்.

லோஹேகாவுக்கு முன்னால் நாங்கள் கர்நாடகாவில், பீதரில் இருந்தோம். அங்கே விட்டு வந்த ஒரு தோழிக்கு நான் பதினொரு கடிதம் எழுதினேன். ஒன்றுக்கும் பதில் இல்லை. இதை மேல்வீட்டுக்காரியிடம் நான் சொன்னதே கிடையாது. சொல்லியிருந்தால் அது ஒரு சின்னப் பெண்ணின் அழுகையாக முடிந்திருக்கும். நான் அதைத் தத்துவமாக்கினேன். 'இறக்கிவைத்தல்' என்று பெயர் வைத்தேன். இடம் பெயரும் நாளில், போகிறவள் தன் நினைவுகளை ஒவ்வொன்றாகச் சொல்லி, இருப்பவளிடம் இறக்கிவைக்க வேண்டும். இருப்பவள் ஒவ்வொன்றுக்கும் 'எடுத்துக்கொண்டேன்' என்று சொல்ல வேண்டும். அதற்குமேல் அவை போகிறவளுக்குச் சொந்தமில்லை. அவற்றைப் பற்றி அவள் பேசக்கூடாது, எழுதக்கூடாது. இருப்பவள் அவளைத் தேடக்கூடாது, ஒன்றும் கேட்கக்கூடாது. சுமக்க வேண்டும்.

அந்த ஏப்ரலில் எங்களுக்கு மூன்று வருஷம் முடிகிறது. அவர்கள் வந்து ஒன்றரை வருஷம்தான் ஆகியிருந்தது. போகப்போவது நான், இருக்கப்போவது அவள். குடியிருப்பில் எந்தக் குழந்தையைக் கேட்டாலும் சொல்லும்.

எங்கள் வீட்டுப் பின்வாசல் படியில் உட்கார்ந்து அவளுக்கு இதைப் படித்துக் காட்டினேன். வழக்கம்போல் ஒரே கேள்விதான் கேட்டாள்.

"அப்போ இருக்கறவ என்ன பண்ணுவா?"

"சுமப்பா. சுமக்கறதுதான்டீ பெருமை. போறவளுக்கு அதுகூட கிடையாது."

அதற்கு அவள் ஏதோ சொன்னாள். உள்ளேயிருந்து அம்மா, "ஏட்டி, சாப்பிட வாறியா, இல்ல அங்கனயே குடியிருக்கப் போறியா?" என்று கத்தினாள். நான் எழுந்து போய்விட்டேன். சாப்பிட்டுக் கைகழுவியதும் நோட்டை எடுத்து எழுதினேன்: 'ஐயப்படுபவள் வாயடைத்துப் போனாள்.'

பிப்ரவரியில் மாற்றல் உத்தரவு வந்தது, அவள் அப்பாவுக்கு. அஸ்ஸாம். இருபது நாளில் போய்ச் சேர வேண்டும். எங்களுக்கு ஒரு வருஷம் நீட்டிப்பு.

அவள் கிளம்பிய நாளில் மேல்வீடு காலியாகி, பெட்டிகள் எல்லாம் கீழே இறங்கியிருந்தன. அவள் ஒரு பெட்டியின் மேல் உட்கார்ந்தாள். என்னை எதிரில் இன்னொரு பெட்டியின் மேல் உட்காரச் சொன்னாள். நான் விளையாட்டாக, "என்னடீ, நிஜமாவே பண்ணப் போறியா?" என்றேன்.

"நீதானே எழுதின."

மத்தியானம் மூன்றரையிலிருந்து வண்டி வரும்வரை சொல்லிக்கொண்டே இருந்தாள். முகாமின் திறந்தவெளி சினிமாவில் மழைக்கு நடுவே படம் பார்த்தது. என் தங்கை அவள் தலைமுடியில் பபிள்கம் ஒட்டியது. தராசு. பஸ்ஸுக்கு நிற்கும் இடத்தில் புதைந்த பெட்டிகள். ஒவ்வொன்றுக்கும் நான் "எடுத்துக்கிட்டேன்" என்றேன். அவள் முகத்தில் அழுகை இல்லை. கணக்கு வீட்டுப்பாடத்தை ஒப்படைப்பதுபோலச் சொன்னாள். எங்கேயாவது தடுமாறுவாள், நடுவில் நிறுத்தி முகவரி எழுதித் தருவாள் என்று காத்திருந்தேன். வண்டி வந்தது. ஏறிவிட்டாள். கையசைக்கவில்லை. என்னுடைய சட்டப்படி, அந்த நிமிடத்திலிருந்து அவளுக்கு நான் யாரோ.

ஒரு வருஷம் தபால்காரர் சைக்கிளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அப்பாவிடம் கேட்டிருந்தால் அவள் அப்பாவின் யூனிட் முகவரியை அரை நாளில் வாங்கிக் கொடுத்திருப்பார். நான் கேட்கவில்லை. சட்டத்தின் மேல் பழியைப் போட்டேன். எங்களுக்கு இன்னொரு நீட்டிப்பு வந்தது. பிறகு அப்பா படையிலிருந்து ஓய்வு வாங்கிக்கொண்டு விஷ்ராந்த்வாடியில் ஒரு வீடு பார்த்தார், புனேயிலேயே தங்கிவிட்டோம். போவதற்கென்றே சட்டம் எழுதியவள் இந்த ஊரை விட்டு எங்கேயும் போகவில்லை.

பத்து வருஷம் கழித்து அவளைக் கம்பெனி பஸ்ஸில் பார்த்தேன். ஹிஞ்சவடி ஐ.டி. பார்க்கில் எனக்கு வேலை. பக்கத்து வாகட்டில் இரண்டு பெண்களோடு சேர்ந்து ஒரு ஃப்ளாட். பாணேரிலிருந்து வரும் பஸ் எங்கள் கேட்டுக்கு எட்டேகாலுக்கு வரும். ஏறினால் மூன்றாவது வரிசை ஜன்னலோரம் அவள். அடையாள அட்டையில் அவள் அப்பா பெயரும் சேர்ந்து இருந்தது. அதுகூடத் தேவைப்படவில்லை. பக்கத்து இடம் காலியா என்று கேட்டேன், பதிலுக்கு முன்னால் அதே கொஞ்ச நேரம்.

"நீயாடீ!" என்று நான் பஸ்ஸே திரும்பிப் பார்க்கிற மாதிரி கத்தினேன்.

"ஹாய், எப்படி இருக்க?" என்றாள். பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு எனக்கு இடம் விட்டாள்.

ஒரு மாதம் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்து போனோம். கல்யாணம் ஆகிவிட்டது, கணவர் கோயம்புத்தூர்க்காரர், வேறு கம்பெனி. அப்ரைசல், தண்ணீர் டேங்கர், சொல்லாமல் லீவு போடும் வீட்டுவேலைப் பாயி என்று எல்லாம் பேசினாள். லோஹேகாவ் என்று நான் வாயெடுத்தால் மட்டும், "ஓ, அப்படியா?" என்பாள். வேறு யாருடைய கதையையோ கேட்கிற மாதிரி. பபிள்கம் கதையைச் சொன்னேன். "பாவம்" என்றாள். அவள் தலைமுடிதான் அது!

எனக்கு என்ன தோன்றியது தெரியுமா? ஆனந்தம். மற்றவர்களாக இருந்தால், இவளுக்கு நம்மோடு ஒட்ட விருப்பமில்லை என்று முதல் வாரமே புரிந்துகொண்டு ஹெட்ஃபோனை மாட்டியிருப்பார்கள். நான், இவள் இறக்கிவைத்தலைக் காப்பாற்றுகிறாள் என்று நினைத்தேன். பத்து வருஷமாக! எடையர் மரபுக்கு உலகத்தில் இரண்டே பேர், அதில் ஒருத்தி இவ்வளவு உறுதியானவள்! ஆபீஸில் புரோகிராம் எழுதிக்கொண்டே அந்த மரபுக்குப் புதிதாக ஒரு சடங்கு யோசித்தேன். 'திருப்பித் தருதல்'. இருப்பவள் தேடிப்போய், சுமந்ததை எல்லாம் திருப்பித் தரலாம், அதற்குப் பிறகு இரண்டு பேரும் பேசலாம். விதி எழுதுவதற்கு எனக்கு ஒரு மத்தியானம் போதும்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நான்கு நோட்டுகளையும் எடுத்துக்கொண்டு, சொல்லாமல் கொள்ளாமல் பாணேரில் அவள் ஃப்ளாட்டுக்குப் போனேன். கணவர் வெளியே போயிருந்தார். அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள். சோபாவில் உட்கார்ந்ததும் நோட்டுகளை டீபாயில் வைத்து, மூச்சு விடாமல் புதுச் சடங்கை விளக்கினேன். ஒரு தலையணை உறையை முழுவதுமாக மடித்து முடித்த பிறகுதான் பேசினாள்.

"நான் இன்னும் தமிழ் படிக்கக் கத்துக்கல. படி. அந்தச் சட்டம் இருக்கற பக்கத்தைப் படி."

படித்தேன். போகிறவள், இருப்பவள், எடுத்துக்கொண்டேன், சுமப்பது பெருமை. கடைசி வரி வந்தது. என் கண்ணில் பட்டது, வாயில் வரவில்லை. தாண்டிவிட்டேன். அப்போதுதான் முதல்முறையாக அந்த நோட்டின் பக்கங்களை வேறு மாதிரி பார்த்தேன். ஒவ்வொரு வாதமும் ஒரே வரியில் முடிந்திருந்தது. நான்கு நோட்டிலும். வாயடைத்துப் போனாள், வாயடைத்துப் போனாள், வாயடைத்துப் போனாள்.

"அதுக்கப்புறம் நான் என்ன சொன்னேன்?" என்றாள்.

"நீ ஒண்ணும் சொல்லல."

"சொன்னேன்."

"இதுல இல்லடீ."

"இருக்காது. எழுதினது நீதானே?" மடித்த துணியை ஓரமாக வைத்தாள். "உங்க பின்வாசல் படியில உட்கார்ந்து சொன்னேன். 'என்னை விட்டுட்டுப் போகணும்னா நேரா சொல்லிட்டுப் போ, எடையர் எதுக்கு?'ன்னு. உங்க அம்மா சாப்பிடக் கூப்பிட்டாங்க. நீ எழுந்து போயிட்ட."

நான் நோட்டை மூடினேன்.

"எல்லாம் ஞாபகம் இருக்கா உனக்கு?"

"ஏன் இருக்காது? பபிள்கம்மை எடுக்க எங்கம்மா மண்ணெண்ணெய் போட்டாங்க. ரெண்டு நாள் நாத்தம்."

"அப்போ பஸ்ல ஏன்டீ..."

"உன்கூட அதைப் பேச எனக்கு இஷ்டமில்ல. அவ்வளவுதான். சட்டமும் இல்ல, ஒண்ணும் இல்ல." குரலை உயர்த்தவே இல்லை. "அஸ்ஸாம்ல போய் எறங்கினப்ப நான் நிஜமாவே நம்பினேன். எல்லாத்தையும் உன்கிட்ட குடுத்துட்டேன், என்கிட்ட ஒண்ணும் இல்லன்னு. புது ஸ்கூல்ல 'இதுக்கு முன்னாடி எங்க இருந்த, ஃப்ரெண்ட்ஸ் யாரு'ன்னு கேப்பாங்க. வாயைத் தொறக்க மாட்டேன். எங்கம்மா பயந்து டாக்டர்கிட்டல்லாம் கூட்டிட்டுப் போனாங்க. ஒரு வருஷம் கழிச்சுத்தான் எனக்கு மண்டையில ஏறுச்சு. நீ போறதுக்காக எழுதினதுடீ அது. உனக்குத் தேவையான மாதிரி எழுதி வெச்ச. கடைசில நான் போயிட்டேன்."

"நானும் காத்துட்டுதான் இருந்தேன்," என்றேன். "ஒரு வருஷம் லெட்டர் வருமான்னு."

"நான் சட்டத்தை மீறணும்னு காத்துட்டு இருந்த. மீறியிருந்தா அந்த நோட்டுல என்ன எழுதியிருப்ப?"

என்ன எழுதியிருப்பேன் என்று எனக்கு உடனே தெரிந்தது. வாக்கியம்கூடத் தயாராக வந்து நின்றது. ஐயப்படுபவள் தோற்றாள். இவ்வளவு வேகமாக வந்ததே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அவள் என் முகத்தைப் பார்த்தாள். கேள்வியை மறுபடி கேட்கவில்லை.

"ஸாரிடீ," என்றேன். "இப்ப சேர்ந்து எழுதலாம். நீ சொல்றதை அப்படியே எழுதறேன். ஒரு எழுத்து மாத்த மாட்டேன். உன் ஊர்தானே அது?"

"வேணாம்."

"இப்ப இல்லன்னா பரவாயில்ல, அப்புறமா..."

"வேணாம்னு சொன்னா வேணாம்டீ. அந்த ஊரை நீயே வெச்சுக்கோ. டீ போடறேன், குடிச்சிட்டுப் போ."

டீயைக் குடித்தேன். இஞ்சி தட்டிப் போட்டிருந்தாள், நன்றாகத்தான் இருந்தது. பாணேர் ரோட்டில் சிக்ஸ் சீட்டர் ஆட்டோவில் ஆறு பேர் இடத்தில் ஒன்பது பேராக நசுங்கி வாகட் திரும்பும்போது எனக்கு வெட்கம் வரவில்லை, கோபம்தான் வந்தது. பன்னிரண்டு வயதுப் பிள்ளைகளின் விளையாட்டுக்கு இத்தனை வருஷம் கழித்து இப்படியா ஒருத்தி கணக்குத் தீர்ப்பாள் என்று. வெட்கம் வர ஒரு வாரமானது. அந்தக் கோபம் முழுசாகப் போய்விட்டது என்று இன்றுகூட என்னால் சொல்ல முடியாது. அவள் சொன்னது ஒவ்வொன்றும் சரி. சரியாக இருப்பதால் எனக்கு ஒரு நிம்மதியும் இல்லை.

மறுநாளிலிருந்து பஸ்ஸில் அவள் பக்கத்து இருக்கையில் பையை வைத்துக்கொண்டாள். ஏறும்போது ஒரு தலையசைப்பு, இறங்கும்போது ஒன்று. நான் பின்வரிசைக்குப் போய்விட்டேன். எட்டு மாதம் இப்படியே. நடுவில் நூறு முறை எழுந்து போய்ப் பேச நினைத்தேன். பேசினால் என்ன சொல்வேன் என்று தயார் செய்யும்போதே அதில் ஒரு கொள்கை முளைத்துவிடும், உடனே என் மேலேயே வெறுப்பு வந்து உட்கார்ந்துவிடுவேன்.

ஒரு வெள்ளிக்கிழமை நாலரை மணிக்கு மெயில் வந்தது. கடைசி வேலை நாள், கணவருக்கு அமெரிக்காவில் புராஜெக்ட், திங்கட்கிழமை கிளம்புகிறாள். எல்லாருடைய அன்புக்கும் நன்றி. பெறுநர் இருக்கும் இடத்தில் எங்கள் பஸ் பாதையின் குழு முகவரி இருந்தது. பாணேரிலிருந்து ஹிஞ்சவடி போகும் முப்பத்தெட்டு பேருக்குப் போன கடிதம். அதில் ஏறுகிற ஒருத்தி என்பதால் எனக்கும் வந்தது.

அவளுக்கு மட்டும் தனியாகப் பதில் எழுத உட்கார்ந்தேன். ஆங்கில எழுத்தில் தமிழ். ஒரு பத்தி எழுதினேன், இரண்டு, நான்கு. படித்துப் பார்த்தேன். நான்கு பத்தியிலும் நான்தான் பேசிக்கொண்டிருந்தேன். அழித்தேன். ஒரே ஒரு கேள்வி கேட்கலாம் என்று பார்த்தேன், அவளைப்போல. கேட்க ஒன்றும் வரவில்லை. இத்தனை வருஷத்தில் அவளைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும் என்று நான் எதையுமே யோசித்து வைத்திருக்கவில்லை.

அதற்குள் குழுவில் ஆறு பேர் பதில் போட்டிருந்தார்கள். ஆல் தி பெஸ்ட், கீப் இன் டச், பஸ் உன்னை மிஸ் பண்ணும். நானும் ஆல் தி பெஸ்ட் என்று தட்டி, எல்லோருக்கும் போகிற பொத்தானையே அழுத்தினேன். ஏழாவது.

பத்து நிமிடத்தில் அவளிடமிருந்து ஒரு வரி வந்தது. முப்பத்தெட்டு பேருக்கும் சேர்த்து, தேங்க்ஸ்.